ஃபஸி லாஜிக்: அனுபவசாலியின் சொற்களை இயந்திரத்தின் கணக்காக்குவது

அறிவார்ந்த அமைப்புகளை வடிவமைக்க விரும்பும் ஒரு பொறியியல் மாணவரின் கேள்விக்கு இது விடை. அவர் கேட்டது ஒன்றுபோலத் தோன்றினாலும் அதற்குள் மூன்று கேள்விகள் இருக்கின்றன. ‘ஆம்’, ‘இல்லை’ என்ற இரண்டுக்கும் இடைப்பட்ட அளவுகளையும் ஏற்கும் ஃபஸி லாஜிக் என்பது நிகழ்தகவுக்கு வைக்கப்பட்ட இன்னொரு பெயர்தானா? அதைக் கொண்டு ஓர் இயந்திரத்தை நடைமுறையில் எப்படிக் கட்டுப்படுத்துகிறார்கள்? தரவுகளிலிருந்து தாமே கற்கும் நியூரல் நெட்வொர்க்குகள் இவ்வளவு வளர்ந்துவிட்ட பிறகும் அதைக் கற்கத்தான் வேண்டுமா? மூன்றாவது கேள்விக்கான என் விடையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கற்க வேண்டும், ஆனால் எதற்காகக் கற்கிறோம் என்று தெரிந்து கற்க வேண்டும். ஒரு வேலையைப் பல ஆண்டுகள் செய்து பழகியவரிடம் சொற்களாக இருக்கும் அறிவைக் கணினி கணக்கிடக்கூடிய ஒரு சார்பாக (உள்ளீட்டுக்கு வெளியீட்டைத் தரும் கணித உறவாக) மாற்றுவதும், மாற்றிய பிறகும் அந்தச் சார்பை மனிதர் படித்துத் திருத்தும் நிலையில் வைத்திருப்பதுமே ஃபஸி லாஜிக்கின் பயன். இந்தப் பயன் தேவைப்படாத இடத்தில் அதைப் புகுத்தினால் வேலை கூடுமே தவிர விளைவு மேம்படாது.

பெயரைப் பற்றி ஒரு சொல். தமிழில் இதை மங்கல் தர்க்கம் என்றும் தெளிவில்லாத் தர்க்கம் என்றும் எழுதுவது உண்டு. இந்தப் பெயர்கள், தர்க்கமே மங்கலானது என்ற எண்ணத்துக்கு இடம் கொடுப்பதால் நான் ஃபஸி என்ற சொல்லையே கையாளுகிறேன். மங்கலாக இருப்பது நாம் பேசும் சொற்களின் எல்லை. அந்தச் சொற்களைக் கையாளும் கணக்கில் மங்கல் எதுவும் கிடையாது. ஒரே உள்ளீட்டை நூறு முறை கொடுத்தாலும் ஃபஸி கட்டுப்படுத்தி (இயந்திரத்துக்குக் கட்டளை தரும் நிரல்) நூறு முறையும் ஒரே வெளியீட்டைத்தான் தரும்.

பள்ளியில் படித்த கணக் கோட்பாட்டில் ஒரு பொருள் ஒரு கணத்தின் உறுப்பாக இருக்கும், அல்லது இராது. ‘இரட்டைப்படை எண்கள்’ போன்ற கணத்துக்கு இது முழுமையாகப் பொருந்துகிறது. ‘வெப்பமான அறைகள்’ என்ற கணத்துக்குப் பொருந்துவதில்லை. 28 டிகிரி செல்சியசை எல்லையாக வைத்தால், 27.9 டிகிரியில் உள்ள அறை வெப்பமானதன்று என்றும் 28 டிகிரியில் உள்ள அறை வெப்பமானது என்றும் ஆகிவிடும். எல்லையை எங்கே நகர்த்தினாலும் இந்த இடர்ப்பாடும் கூடவே நகரும். மணற்குவியலிலிருந்து ஒவ்வொரு மணலாக எடுத்துக்கொண்டே போனால் எந்த மணலை எடுக்கும்போது அது குவியல் என்ற பெயரை இழக்கிறது என்று பண்டைய கிரேக்கர்கள் கேட்ட கேள்வியும் இதுவே. போலந்தைச் சேர்ந்த யான் வூக்காசியேவிச் 1920இல் மூன்று மதிப்புகள் கொண்ட தர்க்கத்தை முன்வைத்தார். தத்துவ அறிஞர் மாக்ஸ் பிளாக் 1937இல் மொழியின் தெளிவின்மையைத் தர்க்க முறையில் ஆராய்ந்தார். ஆயினும் பொறியாளர் எடுத்துப் பயன்படுத்தக்கூடிய வடிவத்தை இதற்குக் கொடுத்தவர், பாகுவில் பிறந்து, கலிஃபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்த லுட்ஃபி சாதே. ஒரு கணத்தில் ஒரு பொருளின் உறுப்பாண்மை, அதாவது அது எந்த அளவுக்கு உறுப்பு என்பது, 0, 1 என்ற இரண்டு மதிப்புகளோடு நின்றுவிட வேண்டியதில்லை, அவற்றுக்கு இடைப்பட்ட எந்த எண்ணாகவும் இருக்கலாம் என்று 1965இல் வெளியான தம் கட்டுரையில் அவர் வரையறுத்தார். 26 டிகிரியில் உள்ள அறை ‘வெப்பம்’ என்ற கணத்தில் 0.6 அளவுக்கும் ‘இதம்’ என்ற கணத்தில் 0.4 அளவுக்கும் ஒரே நேரத்தில் உறுப்பாக இருக்கலாம்.

இந்த அடித்தளத்தின்மேல் அவர் வைத்த விதிகள் மிக எளியவை. இரண்டு கூற்றுகளை ‘மற்றும்’ என்று இணைத்தால் இரண்டு மதிப்புகளில் சிறியதை எடுக்க வேண்டும். ‘அல்லது’ என்று இணைத்தால் பெரியதை எடுக்க வேண்டும். எதிர்மறையாக்கினால் 1இலிருந்து கழிக்க வேண்டும். சொற்களுக்கு முன் வரும் அடைகளுக்கும் கணக்கு உண்டு. ‘மிக’ என்று சேர்த்தால் உறுப்பாண்மையை வர்க்கப்படுத்துவது ஒரு வழக்கம்: ‘வெப்பம்’ 0.6 என்றால் ‘மிக வெப்பம்’ 0.36. ‘ஓரளவு’ என்று சேர்த்தால் வர்க்கமூலம். சால, உறு, தவ, நனி என்று மிகுதிப் பொருளுக்கே பல உரிச்சொற்களை வைத்திருக்கும் ஒரு மொழியில் சிந்திப்பவருக்கு, சொல்லின் அழுத்தத்தை ஒரு கணிதச் செயலாகப் பார்க்கும் இந்த எண்ணம் அந்நியமாகத் தோன்றாது என்று நினைக்கிறேன். வர்க்கம் என்ற தேர்வு இயற்கையின் விதியன்று; வசதிக்காக எடுத்துக்கொண்ட ஒன்று என்பதையும் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

இப்போது நிகழ்தகவுக்கு வருகிறேன். ‘நாளை கனமழை பெய்வதற்கான நிகழ்தகவு 0.7’ என்ற கூற்றில் நமக்குத் தெரியாமல் இருப்பது நாளை நடக்கப்போவது. நாளைய பொழுது கழிந்து மழைமானியைப் பார்த்ததும் அந்த அறியாமை தீர்ந்துவிடுகிறது. ‘இப்போது பெய்யும் மழை 0.7 அளவுக்குக் கனமழை’ என்ற கூற்றில் தெரியாதது என்று எதுவுமே இல்லை. மழையின் அளவு மில்லிமீட்டர் கணக்கில் கையில் இருக்கிறது. அந்த அளவுக்குக் ‘கனமழை’ என்ற சொல் எவ்வளவு பொருந்துகிறது என்பதையே 0.7 சொல்கிறது. மழைமானியை இன்னும் துல்லியமானதாக மாற்றினாலும் அந்த எண் 0 ஆகவோ 1 ஆகவோ போய்ச் சேராது. ஒன்று நிகழ்வைப் பற்றிய ஐயத்தை அளக்கிறது; மற்றொன்று சொல்லின் பொருத்தத்தை அளக்கிறது. ஒரே அமைப்புக்குள் இரண்டும் வரலாம்: உணரியின் (அளவைக் கண்டறியும் கருவியின்) இரைச்சலை, அதாவது அதன் அளவீட்டில் வரும் தாறுமாறான ஏற்ற இறக்கங்களை, நிகழ்தகவு முறையில் வடிகட்டிவிட்டு, வடிகட்டிய மதிப்பை ஃபஸி விதிகளுக்குக் கொடுப்பது நல்ல வடிவமைப்பு. ஆனால் உறுப்பாண்மை எண்ணை எடுத்துக்கொண்டு நிகழ்தகவுச் சூத்திரத்தில் போடுபவர் பொருளற்ற விடையைத்தான் பெறுவார்.

இந்த வேறுபாட்டுக்கு ஒரு விலை இருக்கிறது என்பதையும் மறைக்கக் கூடாது. ‘வெப்பம்’ 0.6 என்றால் ‘வெப்பமன்று’ 0.4, இரண்டையும் ‘மற்றும்’ என்று இணைத்தால் 0.4 கிடைக்கிறது. வழக்கமான தர்க்கத்தில் இது 0 ஆக வேண்டிய முரண்பாடு. ருடால்ஃப் கால்மன் போன்ற பெரிய கட்டுப்பாட்டியல் அறிஞர்கள் தொடக்கத்திலேயே இந்தத் துறையைக் கடுமையாக விமர்சித்தார்கள். கணினி அறிவியலாளர் சார்லஸ் எல்கன் 1993இல் எழுதிய கட்டுரை, ஃபஸி தர்க்கத்தின் அடிப்படைகளைக் கேள்விக்கு உட்படுத்தியதோடு, வெற்றி பெற்ற ஃபஸி அமைப்புகளில் பெரும்பாலானவை சிறிய கட்டுப்படுத்திகள் என்றும், அவற்றில் ஒரு விதியின் முடிவு அடுத்த விதிக்கு உள்ளீடாகி நீளும் சங்கிலி இல்லை என்றும் சுட்டிக்காட்டியது. அக்கட்டுரையின் தர்க்கப் பகுதிக்குப் பலர் மறுப்பு எழுதினார்கள். இரண்டாவது கவனிப்பு சரியானது என்பதே என் கருத்து. வடிவமைப்பாளர் அதை எச்சரிக்கையாகவே எடுத்துக்கொள்ள வேண்டும். உள்ளீட்டிலிருந்து ஒரே படியில் வெளியீட்டுக்குப் போகும் இடத்தில் இந்த முறை நன்றாக நிற்கிறது. நீண்ட ஊகச் சங்கிலியில் எண்களின் பொருள் படிப்படியாகத் தேய்ந்துபோகிறது.

கணக் கோட்பாடாகத் தொடங்கியது இயந்திரங்களுக்குள் எப்படி வந்தது என்பதைத் தெரிந்துகொண்டால் அதன் இயல்பான இடமும் தெரிந்துவிடும். 1973இல் சாதே எழுதிய மற்றொரு கட்டுரையில், வெப்பநிலை போன்ற ஒரு மாறிக்கு எண்களுக்குப் பதிலாகக் ‘குறைவு’, ‘நடுத்தரம்’, ‘அதிகம்’ என்ற சொற்களையே மதிப்புகளாகக் கொடுக்கலாம் என்றும், மாறிகளுக்கு இடையிலான உறவைச் சமன்பாட்டுக்குப் பதிலாக ‘இப்படி இருந்தால் இப்படிச் செய்’ என்ற விதிகளால் எழுதலாம் என்றும் சொன்னார். லண்டன் குயின் மேரி கல்லூரியில் இருந்த இப்ராஹிம் மம்தானியும் அவருடைய மாணவர் அசிலியானும் இதை எடுத்துக்கொண்டு, ஆய்வகத்தில் இருந்த ஒரு சிறிய நீராவி இயந்திரத்தின் கொதிகலன் அழுத்தத்தையும் இயந்திரத்தின் வேகத்தையும் விதிகளால் கட்டுப்படுத்திக் காட்டினார்கள். 1970களின் நடுவில் வெளியான அந்தச் சோதனையே இன்றுள்ள எல்லா ஃபஸி கட்டுப்படுத்திகளுக்கும் முன்னோடி.

எனக்கு அதைவிட முக்கியமாகப் படுவது சிமென்ட் சூளை. சுழன்றுகொண்டே இருக்கும் மிக நீளமான உருளைக்குள் சுண்ணாம்புக்கல்லும் களிமண்ணும் சேர்ந்த கலவை மெல்ல நகர்ந்து, ஏறத்தாழ 1,450 டிகிரி செல்சியசில் கிளிங்கராக (அரைத்தால் சிமென்ட் ஆகும் கட்டிகளாக) மாறுகிறது. உள்ளே நடக்கும் வேதிமாற்றங்கள் பல. அவை ஒன்றையொன்று பாதிக்கின்றன. இன்று செய்த மாற்றத்தின் விளைவு உடனே தெரிவதில்லை. எரியும் பகுதியின் வெப்பநிலையை நம்பகமாக அளப்பதே கடினம். இதற்கு முழுமையான வகைக்கெழுச் சமன்பாடுகளை எழுதித் தீர்த்துக் கட்டுப்படுத்துவது அக்காலக் கணினிகளுக்கு எட்டாத வேலை. ஆனால் அனுபவமுள்ள இயக்குநர்கள் அதை நாள்தோறும் ஓட்டிக்கொண்டுதான் இருந்தார்கள். சுடரின் நிறத்தைப் பார்ப்பார்கள், உருளையைச் சுழற்றும் மோட்டார் எவ்வளவு சிரமப்படுகிறது என்று கவனிப்பார்கள், வெளியேறும் வாயுவில் உள்ள ஆக்சிஜன் விழுக்காட்டைப் பார்ப்பார்கள், கிளிங்கரில் மீந்திருக்கும் சுண்ணாம்பைச் சோதித்துத் தெரிந்துகொள்வார்கள். பிறகு ‘ஆக்சிஜன் குறைவு, வெப்பம் இறங்குமுகம் என்றால் எரிபொருளைச் சற்றுக் குறை’ என்பது போன்ற விதிகளின்படி கைவைப்பார்கள். டென்மார்க்கின் எஃப்.எல். ஸ்மிட் நிறுவனத்தில் ஹோம்பிளாட், ஓஸ்டர்கார்ட் ஆகிய பொறியாளர்கள் இந்த விதிகளையே ஃபஸி வடிவில் கணினிக்குள் வைத்து, 1980ஐ ஒட்டிய ஆண்டுகளில் தொழிற்சாலைகளுக்குக் கொடுத்தார்கள். கணித மாதிரி கிடைக்கவில்லை, ஆனால் அறிவு இருக்கிறது, அது சொற்களில் இருக்கிறது என்ற மூன்றும் சேர்ந்த இடம் அது. ஃபஸி லாஜிக்குக்கு இதைவிடப் பொருத்தமான இடத்தை நான் கண்டதில்லை.

1987இல் ஜப்பானின் சென்டாய் நகரில் ஓடத் தொடங்கிய சுரங்க ரயிலில் ஹிட்டாச்சி நிறுவனத்தின் யாசுனோபு, மியாமோட்டோ ஆகியோர் செய்தது சற்று வேறான வேலை. அங்கே ரயிலின் இயக்கச் சமன்பாடு தெரியும். ஆகவே, ‘இப்போது பிரேக்கை இந்த அளவுக்குப் போட்டால் ரயில் எங்கே நிற்கும்’ என்று ஒவ்வொரு தெரிவுக்கும் முன்கூட்டியே கணக்கிட்டுவிட்டு, பயணிகளின் வசதி, நிற்கும் இடத்தின் துல்லியம், பாதுகாப்பு, மின்சாரச் சிக்கனம் ஆகிய நோக்கங்களை ஃபஸி கணங்களால் மதிப்பிட்டு, சிறந்த கட்டளையைத் தேர்ந்தெடுத்தது அந்த அமைப்பு. மாதிரியும் சொற்களும் ஒன்றுக்கொன்று எதிரிகள் அல்ல என்பதற்கு இது நல்ல சான்று. அதன் பிறகு ஜப்பானில் இத்துறைக்குப் பெரும் அலை எழுந்தது. 1989இல் யோகோஹாமாவில் இதற்கென்றே ஓர் ஆய்வகம் தொடங்கினார்கள். 1990இல் மாட்சுஷிட்டா நிறுவனத்தின் ஃபஸி சலவை இயந்திரம் சந்தைக்கு வந்தது. அந்த ஆண்டில் ‘ஃபஸி’ என்ற சொல்லே அந்நாட்டின் புதுச்சொல் விருதுகளில் ஒன்றைப் பெற்றது. அந்த அலையில் விளம்பரமும் கலந்திருந்தது என்பதில் ஐயமில்லை. ஆனால் அழுக்கின் அளவையும் தன்மையையும் ஒளியுணரியால் பார்த்து, துவைக்கும் நேரத்தைத் தானே தீர்மானிக்கும் சிறிய நிரல் பயனுள்ள நிரல்தான்.

இனி, ஒரு கட்டுப்படுத்தி உள்ளுக்குள் எப்படிக் கணக்கிடுகிறது என்பதைக் காகிதத்தில் போட்டுப் பார்க்கலாம். ஓர் அறையின் வெப்பநிலையையும் ஈரப்பதத்தையும் பார்த்து மின்விசிறியின் வேகத்தைத் தீர்மானிக்க வேண்டும் என்று கொள்வோம். வெப்பநிலைக்கு மூன்று முக்கோணக் கணங்கள் (உறுப்பாண்மையை வரைந்தால் முக்கோணம்போல் ஏறி இறங்குபவை): 18 டிகிரியில் உச்சம் கொள்ளும் ‘குளிர்’, 23இல் உச்சம் கொள்ளும் ‘இதம்’, 28இல் உச்சம் கொள்ளும் ‘வெப்பம்’. ஒன்று இறங்கும் இடத்தில் அடுத்தது ஏறும். 18 முதல் 28 டிகிரி வரை எந்த வெப்பநிலையிலும் உறுப்பாண்மைகளின் கூட்டுத்தொகை 1. ஈரப்பதத்துக்கு இரண்டு கணங்கள்: 40 விழுக்காட்டில் ‘உலர்வு’, 80 விழுக்காட்டில் ‘ஈரம்’. விதிகள் இவை: இதமும் உலர்வும் என்றால் விசிறியின் வேகம் 20 விழுக்காடு; இதமும் ஈரமும் என்றால் 50; வெப்பமும் உலர்வும் என்றால் 50; வெப்பமும் ஈரமும் என்றால் 90. குளிராக இருந்தால் விசிறி வேண்டாம்.

அறை 26 டிகிரியிலும் 70 விழுக்காடு ஈரப்பதத்திலும் இருக்கிறது. இதம் 0.4, வெப்பம் 0.6, உலர்வு 0.25, ஈரம் 0.75. ‘மற்றும்’ என்பதற்குச் சிறியதை எடுத்தால் நான்கு விதிகளும் முறையே 0.25, 0.4, 0.25, 0.6 என்ற வலிமையில் இயங்குகின்றன. ஒவ்வொரு விதியின் வேகத்தையும் அதன் வலிமையால் பெருக்கிக் கூட்டினால் 5, 20, 12.5, 54 ஆகியவை சேர்ந்து 91.5, வலிமைகளின் கூட்டுத்தொகை 1.5, வகுத்தால் விசிறியின் வேகம் 61 விழுக்காடு. சிறியதை எடுப்பதற்குப் பதிலாக இரண்டு மதிப்புகளையும் பெருக்கினால் வலிமைகள் 0.1, 0.3, 0.15, 0.45 ஆகின்றன, விடை 65 விழுக்காடு. இரண்டும் ஏற்றுக்கொள்ளப்பட்ட முறைகளே. எந்த முறையை எடுத்தாலும், ஒரே ஒரு விதி மட்டும் ஆட்சி செய்து திடீரென்று அடுத்த விதிக்குத் தாவும் நிலை இல்லாமல், பல விதிகள் தத்தம் அளவுக்குப் பங்களித்து வெளியீடு வழுக்கிச் செல்கிறது என்பதே பார்க்க வேண்டியது.

இந்த இடத்தில் பாடநூல்கள் பெரும்பாலும் அழுத்திச் சொல்லாத ஒன்றைச் சொல்ல விரும்புகிறேன். உறுப்பாண்மைகளின் கூட்டுத்தொகை 1 ஆகும்படி முக்கோணங்களை அமைத்து, பெருக்கல் முறையையும் எடுத்துக்கொண்டால், கிடைப்பது 20, 50, 50, 90 என்ற நான்கு மூலை மதிப்புகளுக்கு நடுவே செய்யும் சாதாரண இடைச்செருகல்தான். அட்டவணை ஒன்றை வைத்து நடுவிலுள்ள மதிப்பைக் கணிக்கும் எவரும் அதே 65ஐப் பெறுவார். இதைக் கேட்டதும் சிலர் ஏமாற்றம் அடைகிறார்கள். அடைய வேண்டியதில்லை. இறுதியில் எல்லாக் கட்டுப்படுத்திகளும் உள்ளீட்டை வெளியீடாக்கும் சார்புகளே. அந்தச் சார்பை யார் கொடுப்பது, தவறாக இருந்தால் யார் திருத்துவது என்பதில்தான் வேறுபாடு இருக்கிறது. ‘வெப்பமும் உலர்வும் இருக்கும்போது விசிறி போதவில்லை’ என்று ஒருவர் குறை சொன்னால் எந்த எண்ணைத் தொட வேண்டும் என்பது இங்கே உடனே தெரிகிறது, அந்தத் திருத்தம் தொலைவிலுள்ள வேறு நிலைகளைப் பாதிக்காது என்பதும் தெரிகிறது. ஆயிரக்கணக்கான எடைகள் (பயிற்சியால் அமையும் எண்கள்) கொண்ட நியூரல் நெட்வொர்க்கில் இவ்விரண்டு உறுதிகளும் கிடைப்பதில்லை.

மேலே செய்த கணக்கில் விதியின் முடிவு ஓர் எண். மம்தானியின் மூல முறையில் முடிவும் ஒரு ஃபஸி கணமாகவே இருக்கும். எல்லா விதிகளின் முடிவுகளையும் ஒன்றாகச் சேர்த்து, அந்த உருவத்தின் ஈர்ப்பு மையத்தைக் கண்டு எண்ணாக்குவார்கள். தகாகியும் சுகேனோவும் 1985இல் முன்வைத்த முறையில் முடிவு ஒரு நேரியல் சமன்பாடு. சொற்களை அப்படியே வைத்திருக்க விரும்புபவருக்கு முதல் முறை இயல்பானது. கணிதத்தில் காலூன்ற விரும்புபவருக்கு இரண்டாவது முறை ஏற்றது. காரணம், ஒரு நேரியலற்ற அமைப்பைப் பல சிறிய நேரியல் அமைப்புகளின் கலவையாக அது காட்டுகிறது. அவை எல்லாவற்றுக்கும் பொதுவான ஒரு லியாபுனோவ் சார்பை (நேரம் செல்லச் செல்லக் குறைந்துகொண்டே போகும், ஆற்றல் போன்ற ஓர் அளவை) கண்டுபிடித்துவிட்டால் முழு அமைப்பும் நிலைப்புத்தன்மை உடையது, அதாவது கட்டுமீறிப் போகாது, என்று நிறுவலாம் என 1990களில் காசுவோ தனாகா முதலியோர் காட்டினார்கள். ஃபஸி கட்டுப்படுத்திக்கு நிலைப்புத்தன்மை நிரூபணம் கிடையாது என்ற பழைய குற்றச்சாட்டுக்கு இது பெருமளவு விடையளித்துவிட்டது. ஆயினும் விதிகளின் எண்ணிக்கை கூடக் கூட அந்தப் பொதுச் சார்பு கிடைப்பது அரிதாகிவிடும்.

நடைமுறையில் தடுக்கி விழும் இடங்கள் சில உண்டு. ஈர்ப்பு மைய முறையில் வெளியீடு எல்லையைத் தொடுவதே இல்லை. விசிறியின் ‘முழுவேகம்’ என்ற கணத்தை 75இல் தொடங்கி 100இல் உச்சம் கொண்டு அங்கேயே முடியும் முக்கோணமாக வரைந்தால் அதன் ஈர்ப்பு மையம் ஏறத்தாழ 91.7இல் விழும், எவ்வளவு வெப்பமானாலும் விசிறி அதற்கு மேல் போகாது. கணத்தை 125 வரை நீட்டி வரைவதோ, முடிவைத் தனி எண்ணாக வைப்பதோ இதற்குத் தீர்வு. அடுத்து, எந்த விதியும் இயங்காத உள்ளீட்டு நிலை ஒன்று விட்டுப்போயிருந்தால் கணக்கில் சுழியைச் சுழியால் வகுக்க நேரும். சோதனையில் தென்படாமல் இருந்து, களத்தில் உணரி ஒன்று அரிதான மதிப்பைத் தரும் நாளில் இது வெளிப்படும்.

மூன்றாவது இடறலை நான் நேரில் பட்டுத் தெரிந்துகொண்டேன். முதன்முதலாக ஒரு மின்சூளைக்கு நான் எழுதிய கட்டுப்படுத்தி, இலக்கு வெப்பநிலைக்கும் உண்மையான வெப்பநிலைக்கும் உள்ள வேறுபாட்டையும், அந்த வேறுபாடு மாறும் வேகத்தையும் மட்டுமே பார்த்தது. சூளை 180 டிகிரிக்குப் பதிலாக 176 டிகிரியில் நின்றுகொண்டது. விதிகளை எவ்வளவு திருத்தியும் பயனில்லை. காரணம் விதிகளில் இருக்கவில்லை. வேறுபாடு சுழியானால் வெளியீடும் சுழியாகும்படி எழுதியிருந்தேன். ஆனால் வெப்பம் தொடர்ந்து வெளியே கசியும் சூளையை 180இல் நிறுத்தவே ஓரளவு மின்சாரம் தொடர்ந்து வேண்டும். ஆகவே அந்த மின்சாரத்தைத் தரும் அளவுக்கு ஒரு வேறுபாடு நிலையாக இருந்தே தீரும். வெளியீட்டை நேரடி மின்திறனாகக் கொள்ளாமல், ஏற்கெனவே உள்ள மின்திறனில் செய்ய வேண்டிய மாற்றமாகக் கொண்டதும் சிக்கல் தீர்ந்தது. கட்டுப்பாட்டியலின் அடிப்படைப் பாடங்களை ஃபஸி லாஜிக் தள்ளுபடி செய்துவிடுவதில்லை என்பதை அன்று தெரிந்துகொண்டேன்.

எல்லாவற்றையும்விடப் பெரிய தடை விதிகளின் பெருக்கம். ஓர் உள்ளீட்டுக்கு ஐந்து கணங்கள் என்றால், இரண்டு உள்ளீடுகளுக்கு 25 விதிகள்; ஐந்து உள்ளீடுகளுக்கு 3,125. அவ்வளவு விதிகளை எந்த நிபுணரும் சொல்ல மாட்டார். சொன்னாலும் ஒருவராலும் படித்துச் சரிபார்க்க முடியாது. படிக்க முடியாமல் போன நொடியிலேயே இந்த முறையின் பயனும் போய்விடுகிறது. உள்ளீடுகளை இரண்டிரண்டாகப் பிரித்து அடுக்குகளாக அமைப்பது ஒரு வழி. ஆனால் நடுவில் பிறக்கும் மாறிக்கு நிபுணருக்குப் புரியும் ஒரு பொருள் இருக்க வேண்டும். ‘சூளையின் உடல்நிலை’ என்பது போன்று அவர் ஏற்கெனவே பேசும் ஒரு கருத்தாக அது அமைந்தால் நல்லது.

விதிகளை மனிதரிடம் கேட்காமல் தரவுகளிலிருந்து கற்கலாமே என்று கேட்பீர்கள். கற்கலாம். ஜாங் 1993இல் வெளியிட்ட ஆன்ஃபிஸ் என்ற முறை, சுகேனோ வகை விதித்தொகுப்பை ஒரு நியூரல் நெட்வொர்க்கின் அடுக்குகளாக விரித்து, கணங்களின் வடிவத்தையும் முடிவுகளின் கெழுக்களையும் பயிற்சியால் சரிசெய்கிறது. போதுமான விதிகள் இருந்தால் எந்தத் தொடர்ச்சியான சார்பையும் வேண்டிய அளவு நெருங்கலாம் என்று லி-ஷின் வாங் 1992இல் நிறுவிய தேற்றம் இதற்குப் பின்புலமாக நிற்கிறது. ஆனால் ‘போதுமான’ என்ற சொல்லுக்குள் எத்தனை விதிகள் அடங்கும் என்று அந்தத் தேற்றம் சொல்வதில்லை. மேலும், பயிற்சிக்குப் பிறகு கணங்களை வரைந்து பாருங்கள்: ‘குளிர்’ என்று பெயரிட்ட கணம் ‘இதம்’ என்பதைத் தாண்டி வெப்பத்தின் பக்கம் போய்ப் படர்ந்திருப்பதைப் பல முறை காணலாம். பிழை குறைந்திருக்கும், ஆனால் பெயர் பொய்யாகியிருக்கும். கணங்களின் வரிசை மாறாதபடியும் அளவுக்கு மீறி ஒன்றன்மேல் ஒன்று படியாதபடியும் கட்டுப்பாடு விதித்துப் பயிற்சி கொடுத்தால் துல்லியம் சற்றுக் குறையும். அந்தக் குறைவை மனமுவந்து ஏற்றுக்கொள்ள வேண்டும் என்பேன். அப்படி ஏற்க முடியாதென்றால் நேரடியாக நியூரல் நெட்வொர்க்கையே பயன்படுத்துவது நேர்மையான தேர்வு.

உறுப்பாண்மை எண்ணே உறுதியற்றது என்று கருதி அதையும் ஒரு ஃபஸி கணமாக்கும் இரண்டாம் வகைக் கணங்களை சாதே 1975இலேயே குறிப்பிட்டார். ஜெர்ரி மெண்டலும் அவருடன் பணியாற்றியவர்களும் அதைப் பின்னர் வளர்த்தெடுத்தார்கள். இரைச்சல் மிகுந்த சூழல்களில் அதற்குப் பயன் உண்டு. தொடக்க நிலையில் உள்ளவர் அதை ஒத்திப்போடுவதே நல்லது.

ஆகவே எங்கே பயன்படுத்துவது? ஒரு தொட்டியின் நீர்மட்டத்தை நிலைநிறுத்துவது போன்ற வேலையைச் சாதாரண பிஐடி கட்டுப்படுத்தி (இலக்கிலிருந்து உள்ள வேறுபாடு, அதன் திரட்சி, அது மாறும் வேகம் ஆகிய மூன்றையும் வைத்துக் கணக்கிடுவது) செவ்வனே செய்துவிடும்; அங்கே ஃபஸி வேண்டாம். நல்ல கணித மாதிரி கையில் இருந்து, போதிய கணினித் திறனும் இருந்தால், மாதிரியை முன்வைத்துக் கணிக்கும் கட்டுப்பாட்டு முறைகள் மேலானவை. படத்தில் இருப்பது என்ன, பேச்சில் சொல்லப்பட்டது என்ன என்பவற்றை அறிய நியூரல் நெட்வொர்க்குகளே பொருத்தமானவை; ஒரு முகத்தை அடையாளம் காணும் விதிகளைச் சொற்களில் சொல்ல யாராலும் இயலாது. இவற்றுக்கு இடையே உள்ள பரப்பில்தான் ஃபஸி வேலை செய்கிறது. பிஐடி கட்டுப்படுத்தியின் கெழுக்களைச் சூழ்நிலைக்கேற்ப மாற்றிக்கொடுக்கும் மேற்பார்வையாளராக அதை வைக்கலாம். கேமரா படத்திலிருந்து தூரத்தையும் வேகத்தையும் ஒரு நியூரல் நெட்வொர்க் கணித்துத் தர, அவற்றை வைத்து எவ்வளவு பிரேக் போடுவது என்ற முடிவைச் சில ஃபஸி விதிகளிடம் விடலாம். பாதுகாப்பைச் சரிபார்ப்பவர் அந்த விதிகளை ஒவ்வொன்றாகப் படித்துக் கேள்வி கேட்க முடியும். தொழிற்சாலைகளில் உள்ள நிரல்படுத்தக்கூடிய கட்டுப்படுத்திகளில் ஃபஸி விதிகளை எழுதுவதற்கென்று 2000இலேயே ஐஇசி (சர்வதேச மின்தொழில்நுட்ப ஆணையம்) வெளியிட்ட 61131-7 என்ற சர்வதேசத் தரநிலை வந்துவிட்டது.

தொடங்குபவர் எதிலிருந்து தொடங்குவது என்றால், நிபுணரிடமிருந்து. அவரிடம் ‘அதிகம் என்றால் எத்தனை’ என்று நேரடியாகக் கேட்டால் பெரும்பாலும் ஒரு முழு எண்ணைச் சொல்லி முடித்துவிடுவார், அது பயன்படாது. அளவுகளைக் காட்டி, ‘இது அதிகமா, இது?’ என்று ஒவ்வொன்றாகக் கேளுங்கள். அவர் தயங்கும் பகுதியே இரண்டு கணங்களும் ஒன்றன்மேல் ஒன்று படிய வேண்டிய பகுதி. இரண்டு நிபுணர்கள் ஒரே சொல்லை வெவ்வேறு அளவுக்குப் பயன்படுத்தினால் சராசரி எடுக்காதீர்கள், காரணத்தைக் கேளுங்கள். இருவரும் வெவ்வேறு நிலைமைகளை மனத்தில் வைத்துப் பேசியிருப்பார்கள், விட்டுப்போன ஓர் உள்ளீடு அங்கே கிடைக்கும். அவர் சொல்லும் விதியோடு நிறுத்திக்கொள்ளாமல், அவர் உண்மையில் என்ன செய்தார் என்பதை இயக்கப் பதிவேடுகளில் ஒப்பிட்டுப் பாருங்கள். ஓர் உள்ளீட்டுக்கு மூன்று கணங்களுக்கு மேல் முதலில் வைக்காதீர்கள். விதிகளை எழுதி முடித்ததும், இரண்டு உள்ளீடுகளையும் இரு அச்சுகளாக வைத்து வெளியீட்டை ஒரு மேற்பரப்பாக வரைந்து, இயந்திரத்தில் இணைப்பதற்கு முன் அதே நிபுணரிடம் காட்டுங்கள். மேடு இருக்க வேண்டிய இடத்தில் பள்ளம் இருந்தால் அவர் விரலை வைத்துக் காட்டிவிடுவார். எந்த விதியைத் திருத்த வேண்டும் என்பதை அந்த விரல் இருக்கும் இடமே சொல்லிவிடும்.